வாழ வந்த மலை

ஏற்காட்டுக்கு வராத சேலத்துக்காரர் யாராவது இருப்பாரா என்பது சந்தேகம்தான். காலையில் பஸ் ஏறி, 20 கொண்டை ஊசி வளைவுகளையும் எண்ணிக்கொண்டே வந்து, ஏரியில் படகு விட்டு, அண்ணா பூங்காவைச் சுற்றி, லேடீஸ் சீட்டில் நின்று கீழே சேலத்தைப் பார்த்து, மிளகாய் பஜ்ஜி சாப்பிட்டு, கால் கிலோ மிளகும் அரைக் கிலோ காப்பித்தூளும் வாங்கிக்கொண்டு சாயங்காலம் இறங்கிவிடுவார்கள். அதில் ஒரு குறையும் இல்லை. நானும் உறவினர்கள் வந்தால் அந்த வரிசையில்தான் கூட்டிப் போவேன்.

ஆனால் அப்படிப் பார்த்துவிட்டுப் போனால், ஏற்காடு என்பது வெள்ளைக்காரன் உண்டாக்கிவிட்டுப் போன ஒரு குளிர்ந்த பொழுதுபோக்கு இடம் என்றுதான் மனதில் நிற்கும். ஓட்டு வீடு, கல் தேவாலயம், பனிமூட்டம், எஸ்டேட் கேட் என்று எல்லாமே சீமையின் சின்னக் கிராமம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து வைத்ததுபோல இருக்கும். இங்கே 67 மலைக்கிராமங்கள் இருக்கின்றன என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? உத்தியோகத்தில் 11 வருடமும் ஓய்வு பெற்றபின் இவ்வளவு காலமும் இந்த மலையில் கழித்தவன் என்ற உரிமையில், எனக்குத் தெரிந்த ஏற்காட்டைப் பற்றிக் கொஞ்சம் சொல்கிறேன்.

நான் குடியிருப்பது ஒண்டிக்கடைப் பக்கம். ஒண்டி என்றால் தனி, ஒற்றை. ஒரே ஒரு கடை மட்டும் இருந்த காலத்தை அந்தப் பெயரே சொல்லிவிடுகிறது. இன்றைக்கு மே மாதக் கோடை விழா சமயத்தில் வந்து பாருங்கள். எந்தக் கடை அந்த ஒண்டிக்கடை என்று கேட்டால் கடைக்காரர்களே சிரிப்பார்கள். கார் நிறுத்த இடம் கிடைக்காது. இருந்தாலும் பெயர் மாறவில்லை. ஒரு இடம் எவ்வளவு வளர்ந்தாலும் அதன் முதல் ஆள் யார் என்பதை ஊர் மறப்பதில்லை.

இந்த மலை கிழக்குத் தொடர்ச்சி மலையைச் சேர்ந்தது. ஊட்டி, கொடைக்கானல்போல மேற்கே இருக்கும் பெரிய மலைகளோடு ஒட்டியதல்ல. ஊர் சுமார் 1,515 மீட்டர் உயரம். சேர்வராயன் கோயில் இருக்கும் உச்சி 1,623 மீட்டர். ஏற்காட்டைச் சுற்றி வரும் லூப் ரோடு 32 கிலோமீட்டர். ஊராட்சிகள் 9. ஏற்காட்டை விட்டுவிட்டால் மஞ்சக்குட்டை, மாரமங்கலம், நாகலூர், செம்மநத்தம், தலைச்சோலை, வெள்ளக்கடை, வேலூர், வாழவந்தி. ஒவ்வொன்றிலும் சிறிதும் பெரிதுமாகப் பல ஊர்கள். இதில் எனக்கு மிகவும் பிடித்த பெயர் வாழவந்தி. சொல்லைப் பிரித்துப் பார்த்தால் வாழ வந்தவள் என்று பொருள் வரும். இந்த மலையின் கதை முழுவதும் அந்த ஒரு பெயரில் இருக்கிறது என்று பிற்பாடுதான் எனக்குப் பட்டது.

நானும் வாழ வந்தவன்தான். பிறந்தது பாண்டிச்சேரியைச் சேர்ந்த பாகூரில். ஆரம்பம் முதல் பிரெஞ்சுப் பள்ளிப் படிப்பு. 1954 நவம்பர் 1-ஆம் தேதி நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்துவிட்டது. சட்டப்படியான இணைப்பு 1962 ஆகஸ்ட் 16-இல்தான் நடந்தது. இரண்டுக்கும் நடுவில் என் பள்ளிப் பருவம். சேன், லுவார், கரோன், ரோன் என்று பிரான்ஸ் தேசத்து நான்கு நதிகளும் எங்கே பிறந்து எந்தக் கடலில் விழுகின்றன என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வோம். எங்கள் முன்னோர்கள் கோல் இனத்தார் என்றும் படித்தோம். வேட்டி கட்டிய எங்கள் தாத்தா அதைக் கேட்டுவிட்டு, "அப்படியா, எனக்குத் தெரியாமப் போச்சே" என்பார். ஆனால் நாங்கள் குதித்து விளையாடிய பாகூர் ஏரிக்குத் தண்ணீர் எந்த மலையிலிருந்து வருகிறது என்று எந்தப் பாடத்திலும் இல்லை. இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு வருகிறேன்.

1971-இல் தபால் இலாகாவில் குமாஸ்தாவாகச் சேர்ந்தேன். 1979-இல் ஏற்காட்டுக்கு மாற்றல். பிரெஞ்சு படித்தவனுக்குத் தமிழ்நாட்டு மலையில் என்ன வேலை என்று உடன் வேலை பார்த்தவர்கள் கேலி செய்வார்கள். அவர்களுக்கு நான் விமானத் தபால் நீலச் சீட்டைக் காட்டுவேன். 'பார் அவியோன்' என்று அதில் அச்சடித்திருக்கும். வெளிநாட்டு ரிஜிஸ்தர் தபாலுக்கான ஒப்புதல் அட்டையிலும் பிரெஞ்சு வாசகம் இருக்கும். 1874-இல் பெர்ன் நகரில் தொடங்கிய அகில உலகத் தபால் ஒன்றியத்தின் மொழி பிரெஞ்சு. ஆக, என் படிப்பு ஏற்காட்டுத் தபால் கவுன்டரில் தினம் ஒரு தடவையாவது உபயோகப்பட்டது. வேறு எந்த ஆபீசில் போட்டிருந்தாலும் இந்தப் பெருமை கிடைத்திருக்காது.

ஒரு ஊரைத் தெரிந்துகொள்ளத் தபாலாபீசைவிட நல்ல இடம் கிடையாது. பள்ளி விடுதிப் பிள்ளைகளுக்கு வெளிநாட்டுக் கடிதம் வரும். எஸ்டேட் பங்களாக்களுக்கு பாங்க் கடிதமும் ஆங்கிலப் பத்திரிகையும் வரும். மலைக்கிராமங்களுக்கு வருவது மணியார்டர். பெரும்பாலும் முதியோர் உதவித்தொகை, சில வீடுகளுக்கு மகன் அனுப்பும் பணம். அந்தக் காலத்தில் எங்கள் தபால்காரர் ஒருவர், பை தோளில், குடை கையில், காப்பித் தோட்டத்து ஒற்றையடிப் பாதைகளில் நடந்தே போய்க் கொடுத்துவிட்டு வருவார். பெரியம்மாக்கள் கைநாட்டு வைத்தபின் அவரை உட்கார வைத்து ராகிக் களி போடாமல் அனுப்ப மாட்டார்கள். வயிறு நிறைந்து வருவதால் மத்தியான டிபன் செலவு மிச்சம் என்பார்.

வேலூர்க் கடிதங்கள்தான் வேடிக்கை. இங்கேயும் ஒரு வேலூர், பரமத்திக்குப் பக்கத்தில் காவிரிக்கரையில் ஒரு வேலூர், கோட்டை இருக்கும் பெரிய வேலூர் ஒன்று. பட்டாளத்துக்குப் போன பையன் வெறும் வேலூர் என்று எழுதிவிட்டால் அந்தக் கடிதம் ஊரெல்லாம் சுற்றி, உடம்பெல்லாம் முத்திரையோடு வந்து சேரும். 1972 ஆகஸ்ட் 15-இல் பின்கோடு வந்தது இதற்காகத்தான். ஆனால் எழுதுகிறவர்கள் அதைப் போட்டால்தானே!

இந்தக் கிராமங்களில் இருப்பவர்களை மலையாளிகள் என்பார்கள். பாண்டிச்சேரிக்காரனுக்கு மலையாளி என்றால் மாஹேக்காரர். இங்கே அப்படியல்ல. மலையை ஆள்கிறவர்கள், மலையில் வாழ்கிறவர்கள் என்ற பொருளில் மலையாளி. பேசுவது தமிழ். பெயருக்குப் பின்னால் கவுண்டர் என்று போட்டுக்கொள்வார்கள். பழங்குடிப் பட்டியலில் இருப்பவர்கள். அவர்கள் சொல்லும் கதை என்னவென்றால், முன்னோர்கள் காஞ்சிபுரத்திலிருந்து வந்தவர்கள். அண்ணன் தம்பி மூன்று பேர் புறப்பட்டார்கள். மூத்தவர் சேர்வராயன் மலைக்கு வந்தார். மற்ற இருவர் கொல்லிமலைக்கும் பச்சைமலைக்கும் போனார்கள். மலையின் மூத்த குடிகளான அவர்களே, நாங்கள் ஆதியிலிருந்து இங்கே இருக்கிறோம் என்று சொல்லிக்கொள்வதில்லை. வந்தோம் என்கிறார்கள். அந்த அடக்கம் எனக்கு மிகவும் பிடிக்கும்.

அவர்களுக்கும் முன்னால் ஆட்கள் இருந்திருக்கிறார்கள். வழுவழுப்பாகத் தேய்த்த கற்கோடரிகள் இந்த மலையில் நிறையக் கிடைத்திருக்கின்றன. நிலத்தில் அகப்பட்டதைக் கொண்டுபோய்ப் பிள்ளையார் முன்னால் வைத்துக் கும்பிட்டிருக்கிறார்கள். யாருடைய ஆயுதம் என்று தெரியாது, ஆனால் நமக்கு முன் இருந்தவர்களுடையது, அதனால் மரியாதை. அருங்காட்சியகம் செய்கிற வேலையைப் பிள்ளையார் செய்துகொண்டிருந்தார்.

அடுத்து வந்தவர்கள் வெள்ளைக்காரர்கள். 1820 முதல் 1829 வரை சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் இங்கே காப்பியைக் கொண்டுவந்து, கிரேஞ்ச் எஸ்டேட்டில் பயிரிட்டார். சாலையும் பங்களாவும் தேவாலயமும் அதன் பின்னால் வந்தவை. வந்தவர்களில் பலர் சம்பாதித்துக்கொண்டு போய்விட்டார்கள். போகாமல் தங்கிய இரண்டு பேரைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

ஒருவர் பீட்டர் பெர்சிவல் பாதிரியார். யாழ்ப்பாணத்தில் ஆறுமுக நாவலரை உடன் வைத்துக்கொண்டு பைபிளைத் தமிழில் மொழிபெயர்த்தவர். பிறகு சென்னையில் தினவர்த்தமானி என்ற தமிழ்ப் பத்திரிகை நடத்தினார். மாநிலக் கல்லூரியில் பாடம் சொன்னார். 6,000-க்கும் மேற்பட்ட தமிழ்ப் பழமொழிகளைத் திரட்டிப் புத்தகமாகப் போட்டார். அந்த மனிதர் கடைசிக் காலத்தில் வந்து தங்கி, 1882-இல் உயிர் விட்டது இந்த ஏற்காட்டில்.

இன்னொருவர் அவருடைய மருமகன் ராபர்ட் புரூஸ் ஃபூட். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையில் வேலை பார்த்தவர். 1863 மே 30-ஆம் தேதி பல்லாவரத்தில் ஒரு கல்லைக் குனிந்து எடுத்தார். அது பழைய கற்கால மனிதனின் கைக்கோடரி. இந்த நாட்டின் வயதைப் பற்றி அதுவரை நினைத்திருந்ததெல்லாம் அந்த ஒரு கல்லால் மாறிப்போயிற்று. ஓய்வு பெற்றபின் அவர் சீமைக்குத் திரும்பவில்லை. ஏற்காட்டில் வீடு வைத்துக்கொண்டு, வாழ்நாளெல்லாம் சேர்த்த கற்களையும் பானை ஓடுகளையும் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தச் சேகரிப்பு இப்போது சென்னை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 1912-இல் கல்கத்தாவில் இறந்தார். அங்கே தகனம் செய்து, அஸ்தியை இவ்வளவு தூரம் கொண்டுவந்து இங்கே ஹோலி டிரினிட்டி தேவாலயத் தோட்டத்தில் வைத்தார்கள். படகுத்துறைக்கு வருகிற கூட்டத்தில் நூற்றில் ஒருவர்கூட அந்தப் பக்கம் போவதில்லை.

என் படிப்புக்குச் சொந்தமான பிரான்ஸ் தேசமும் எனக்கு முன்பே இங்கே வந்துவிட்டது. குளூனி சூசையப்பர் சபைக் கன்னியர்கள் 1894-இல் சேக்ரட் ஹார்ட் பள்ளியைத் தொடங்கினார்கள். பாண்டிச்சேரியில் 1827 முதல் இருக்கும் அதே சபை. மான்ட்ஃபோர்ட் பள்ளியை 1917-இல் தொடங்கிய கபிரியேல் சபைச் சகோதரர்களின் பூர்வீகமும் பிரான்ஸ்தான்.

மரம் செடிகளும் அப்படியே. காப்பியின் பூர்வீகம் ஆப்பிரிக்கா. அதற்கு நிழல் கொடுக்க நட்ட சில்வர் ஓக் ஆஸ்திரேலியா. பேரிக்காய் சீமைச் சரக்கு. ஆஸ்திரேலியா மரத்தின்மேல் நம்மூர் மிளகுக் கொடி ஏறிப் படர்ந்திருக்கிறது. அதன் கீழே மார்ச், ஏப்ரலில் ஒரு மழை பெய்துவிட்டால் காப்பி ஒரே சமயத்தில் பூத்து மலையெல்லாம் மல்லிகை மாதிரி மணக்கும். எது உள்ளூர், எது வெளியூர் என்று அந்த மணத்தில் யார் பிரிப்பது?

இந்த இடத்தில் என் சொந்த விஷயம் ஒன்று சொல்ல வேண்டியிருக்கிறது. 1962-இல் பிரெஞ்சுக் குடியுரிமை வேண்டுமா என்று பாண்டிச்சேரியில் பிறந்தவர்களுக்கு ஆறு மாத அவகாசம் கொடுத்தார்கள். என் சித்தப்பா எழுதிக் கொடுத்தார். அப்பா கொடுக்கவில்லை. சித்தப்பா மகன் இன்று பாரிசுக்குப் பக்கத்தில் சார்செல் என்ற ஊரில் இருக்கிறான். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் போன் பண்ணுவான்.

"என்னண்ணே, ஒண்டிக்கட்டையா ஒண்டிக்கடையில உக்காந்துக்கிட்டு என்ன பண்றீங்க? உங்களுக்கு பிரெஞ்சும் தெரியும். இங்க வந்து எங்களோட இருங்களேன்."

அவன் பாசத்தோடுதான் கேட்கிறான். மனைவி போனபின் நான் ஒண்டிக்கட்டை என்பதும் உண்மைதான். அவனுக்குப் போனில் முழுதாகச் சொல்ல வராத பதிலை இங்கே எழுதுகிறேன்.

என் மனைவி காரைக்கால்காரி. 2009-இல் நான் ஓய்வு பெற்றதும், "ஏற்காட்டுக்கே போயிடலாங்க, அங்கதான் எனக்கு மூச்சு நல்லா வருது" என்று சொன்னவள் அவள்தான். ஒன்பது வருடம் இங்கே சந்தோஷமாக இருந்தாள். 2018 மழைக்காலத்தில் ஒரு நாள் விடிகாலையில் தூக்கத்திலேயே போய்விட்டாள். நான்கு நாளாக விடாத மழை. உறவு ஜனம் பாண்டிச்சேரியிலிருந்தும் காரைக்காலிலிருந்தும் வந்து சேர மத்தியானம் தாண்டிவிடும். எனக்கு எங்கே தொடங்குவது என்றே தெரியவில்லை. திண்ணையில் உட்கார்ந்திருந்தேன்.

எட்டு மணிக்குள் வீட்டு வாசலில் முப்பது பேர். ஒண்டிக்கடைக் கடைக்காரர்கள் இரண்டு பேர் ஷட்டரை இறக்கிவிட்டு வந்துவிட்டார்கள். பக்கத்து வீட்டுக் கிறிஸ்தவக் குடும்பம் அடுப்பு மூட்டி வருகிறவர்களுக்கெல்லாம் காப்பி கொடுத்தது. எஸ்டேட் மேஸ்திரி ஒருவர் தார்ப்பாய் போர்த்தி, நனையாத விறகு ஒரு வண்டி அனுப்பினார். மலைக்கிராமத்திலிருந்து வயதான ஒரு கவுண்டர் நான்கு இளைஞர்களோடு நடந்தே வந்திருந்தார். அவர் தாயாருக்கு நான் 1980-களில் மணியார்டர் பாரம் எழுதிக் கொடுத்தவனாம். எனக்கு நினைவில்லை. அவருக்கு நினைவிருந்தது. "நீங்க உக்காருங்க அய்யா, நாங்க பாத்துக்கறோம்" என்றார். பார்த்துக்கொண்டார்கள். உறவுக்காரர்கள் வந்து சேர்ந்தபோது அவர்கள் செய்வதற்கு அழுகையைத் தவிர வேறு வேலை இருக்கவில்லை.

மூன்றாம் நாள் அஸ்தி. பவானி கூடுதுறைக்குப் போகலாம் என்று உறவுக்காரர்கள் சொன்னார்கள். பழைய தபால்காரர், ராகிக் களி சாப்பிட்ட அதே மனிதர், அப்போது அவருக்கு எழுபதைத் தாண்டிவிட்டது, என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "சார், அம்மா எந்த ஊரு?" காரைக்கால் என்றேன். "அப்ப தெற்குப் பக்க ஓடையில கரைங்க. அந்தத் தண்ணி சேலத்துப் பக்கம் எறங்கி திருமணிமுத்தாறு ஆவுது. அது காவேரியில சேருது. காவேரி உங்க வூட்டம்மா ஊருக்குத்தான போவுது?"

உண்மைதான். காவிரியிலிருந்து பிரியும் அரசலாறு காரைக்காலில்தான் கடல் சேர்கிறது. சேர்வராயன் கோயில் குகையிலிருந்து காவிரிக்கு வழி இருப்பதாக மலைக்காரர்கள் நம்புகிறார்கள். குகை வழியைப் பற்றி நான் சொல்வதற்கில்லை. தண்ணீர் வழி இருக்கிறது. அதை நாற்பது வருடம் ஓடைகளைத் தாண்டிப் பை சுமந்தவர் அறிந்திருந்தார்.

"அந்தப் பக்கம் எறங்குற தண்ணி எங்க போவுது?" என்று வடக்கே கை காட்டிக் கேட்டேன். "அது வாணியாறு சார். பாப்பிரெட்டிப்பட்டி, அரூர்ப் பக்கம் போயி தென்பெண்ணையில சேந்துடும்" என்றார்.

தென்பெண்ணை சாத்தனூர், திருக்கோவிலூர் தாண்டி, சொர்ணாவூர் அணைக்கட்டுக்கு வருகிறது. அங்கிருந்து பங்காரு வாய்க்கால் பிரிகிறது. பங்காரு வாய்க்கால் வந்து நிரப்புவது எங்கள் பாகூர் ஏரியை. பிரெஞ்சுப் புத்தகத்தில் இல்லாத என் ஊர் நதியின் ஒரு கிளை பிறக்கும் மலைமேல் நான் இத்தனை வருடம் சம்பளம் வாங்கிக்கொண்டு இருந்திருக்கிறேன். இதன் ஒரு பக்கத்து மழை அவள் ஊருக்கு, இன்னொரு பக்கத்து மழை என் ஊருக்கு. தெற்குப் பக்க ஓடையில்தான் கரைத்தோம்.

தம்பிக்கு என் பதில் இதுதான். இந்த மலையில் யாரும் முதலிலிருந்தே இருந்தவர்கள் இல்லை. காஞ்சிபுரத்திலிருந்து வந்தார்கள், சீமையிலிருந்து வந்தார்கள், பாண்டிச்சேரியிலிருந்தும் வந்தார்கள். எங்கிருந்து வந்தாய் என்று இந்த ஊர் யாரையும் கேட்டதில்லை. இருக்கிறாயா என்று மட்டும்தான் பார்க்கும். இருந்தவர்களின் விறகுக்கும் தண்ணீருக்கும் அது பொறுப்பேற்றுக்கொள்ளும். கடைசிக் காலத்துக்கு இதைவிடப் பெரிய குடியுரிமை எனக்கு வேண்டாம்.

கவலையும் இல்லாமல் இல்லை. கிராமத்து இளைஞர்கள் திருப்பூருக்கும் கோயம்புத்தூருக்கும் வேலைக்குப் போகிறார்கள். போகட்டும், பிழைக்க வேண்டுமே. மலையில் சும்மா பூட்டிக் கிடக்கும் வீடுகள் கூடிக்கொண்டே வருகின்றன. வருடத்தில் பத்து நாள் வந்து தங்குகிறவர்கள் வாங்கிப் போட்டவை. மழை நாளில் விறகு அனுப்ப அந்த வீடுகளில் ஆள் இல்லை. காற்று வாங்க வருகிறவர்களை மட்டும் நம்பி எந்த ஊரும் ஊராக இருக்க முடியாது.

அடுத்த தடவை ஏற்காடு வந்தால், ஏரியைப் பார்த்த பிறகு சாயங்காலமே இறங்கிவிடாதீர்கள். நாகலூர்ப் பக்கமோ வாழவந்திப் பக்கமோ போகிற டவுன் பஸ் ஒன்றில் ஏறிக் கடைசி நிறுத்தம் வரை போங்கள். களத்தில் காப்பிப் பழம் காய்ந்துகொண்டிருக்கும். யாராவது ஒருவர், "எந்த ஊருங்க?" என்று கேட்பார். பதில் சொல்லிவிட்டுக் கொஞ்ச நேரம் உட்கார்ந்து பேசிவிட்டு வாருங்கள். மிளகு அங்கேயே வாங்கிக்கொள்ளலாம். விலையும் கொஞ்சம் குறைவாக இருக்கும்.